ஷயர் நாட்காட்டி: செப்டம்பர் 22 வியாழனா, வெள்ளியா?

#1 மணல்கடிகாரம்

ஹாபிட் என்னும் சிறு மக்கள் வாழும் கற்பனை நாடான ஷயரின் நாட்காட்டியில் ஒரு தேதியைக் கொடுத்தால் கிழமையைச் சொல்லும் சிறிய நிரல் ஒன்று எழுதுகிறேன். டோல்கீனின் 'தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' பின்னிணைப்பு டி-யில் இருக்கும் விவரம்தான் ஆதாரம். மாதத்துக்கு 30 நாள் வீதம் 12 மாதம், எந்த மாதத்திலும் சேராத 5 நாள், ஆண்டின் முதல் நாள் சனிக்கிழமை.

இதன்படி ஹாலிமத் 22, அதாவது செப்டம்பர் 22, ஆண்டின் 266ஆவது நாள். 265ஐ 7ஆல் வகுத்தால் மீதி 6. சனியை 0 என்று வைத்தால் 6 என்பது வெள்ளி. ஆனால் கதையில் வரும் ஹாபிட் பில்போவின் பிறந்தநாள் விருந்து நடந்த செப்டம்பர் 22 வியாழக்கிழமை என்று கதையிலேயே தெளிவாக இருக்கிறது. எங்கே பிசகுகிறது?

#2 கணியன்

பிசகு ஆண்டின் நடுவில் இருக்கிறது. நீங்கள் எண்ணிய 266 சரி. அதை அப்படியே 7ஆல் வகுத்ததுதான் தவறு.

மாதம் சாராத ஐந்து நாட்களை வரிசையாக வையுங்கள். ஆண்டு 2 யூல் என்ற நாளில் தொடங்குகிறது. பிறகு ஆறு மாதம். அடுத்து 1 லித், நடுஆண்டு நாள், 2 லித் என்று மூன்று நாள். பிறகு மீதி ஆறு மாதம். கடைசியில் 1 யூல். இதில் நடுஆண்டு நாளுக்குக் கிழமையே கிடையாது. 1 லித் வெள்ளி, அடுத்த நாள் நடுஆண்டு நாள், அதற்கு அடுத்த நாளான 2 லித் சனி. லீப் ஆண்டில் நடுஆண்டு நாளுக்குப் பிறகு வரும் ஓவர்லித்துக்கும் கிழமை கிடையாது.

கிழமை உள்ள நாட்கள் 364 மட்டும். 364 = 52 × 7. வாரம் மிச்சமில்லாமல் முடிவதால் ஒவ்வொரு ஆண்டும் சனியில் தொடங்கி வெள்ளியில் முடிகிறது. எந்தத் தேதிக்கும் கிழமை மாறாது. ஷயர்வாசிகள் கடிதத்திலும் நாட்குறிப்பிலும் கிழமை எழுதுவதை விட்டுவிட்டதற்கு இதுவே காரணம்.

மாதத் தொடக்கங்கள்: முதல் மாதம் ஞாயிறு, இரண்டாவது செவ்வாய், மூன்றாவது வியாழன், நான்காவது சனி, ஐந்தாவது திங்கள், ஆறாவது புதன். ஏழாவது மாதம் மறுபடி ஞாயிறில் தொடங்கி அதே வரிசையில் போகும். இரண்டு பாதியும் அச்சு அசலாக ஒன்றுதான்.

சூத்திரமாக வேண்டுமானால்: மாத எண் 6க்கு மேல் இருந்தால் 6ஐக் கழியுங்கள். அதை இரட்டித்து, தேதியைக் கூட்டி, 2ஐக் கழித்து, 7ஆல் வகுத்து மீதியைப் பாருங்கள். சனி 0, ஞாயிறு 1, இப்படியே வெள்ளி 6. ஹாலிமத் ஒன்பதாம் மாதம், 6 போனால் 3. 3 × 2 + 22 − 2 = 26. 7ஆல் வகுத்தால் மீதி 5. வியாழன்.

#3 மணல்கடிகாரம்

வந்துவிட்டது, நன்றி கணியன். அப்படியானால் 'ஆண்டின் எத்தனையாவது நாள்' என்பதற்கு ஓர் எண்ணி, 'கிழமைச் சுற்று' என்பதற்கு வேறோர் எண்ணி, இரண்டையும் கலக்கக்கூடாது. ஓவர்லித்தை எப்படிச் சேமிப்பது? 13ஆவது மாதம் என்று வைக்கலாமா?

#4 ஏட்டுப்பூச்சி

13 என்று வைத்தால் அது ஆண்டின் கடைசியில் போய் உட்கார்ந்துகொள்ளும். மாதம் சாராத நாட்களை மாத எண்ணால் குறிக்கவே வேண்டாம். ஆண்டு, நாள் எண் இரண்டையும் மட்டும் சேமியுங்கள். பெயரைத் திரையில் காட்டும்போது கணக்கிட்டுக்கொள்ளலாம். சாதாரண ஆண்டில் 1ஆவது நாள் 2 யூல், 182 என்பது 1 லித், 183 நடுஆண்டு நாள், 184 என்பது 2 லித், 365 என்பது 1 யூல். லீப் ஆண்டில் 184 ஓவர்லித். அதற்குப் பிறகு எல்லாம் ஒன்று கூடும், 1 யூல் 366ஆக வரும்.

யூல் பெயர்களில் பலர் சறுக்குவார்கள். 1 யூல் ஆண்டின் கடைசி நாள், 2 யூல் மறு ஆண்டின் முதல் நாள். எண்ணைப் பார்த்து வரிசைப்படுத்தும் எந்த நிரலும் ஒரே ஆண்டின் '1 யூல்'-ஐ '2 யூல்'-க்கு முன்னால் போட்டுவிடும். இரண்டுக்கும் இடையே கிட்டத்தட்ட முழு ஆண்டே கிடக்கிறது. இந்தப் பெயர் ஆண்டைப் பார்த்து வைத்ததில்லை, பண்டிகையைப் பார்த்து வைத்தது. யூல் விழா ஆறு நாள்: பழைய ஆண்டின் கடைசி மூன்று, புதிய ஆண்டின் முதல் மூன்று. நள்ளிரவில் ஆண்டு மாறினாலும் விழா அறுபடுவதில்லை.

இன்னொன்று. கிழமை நீக்கிய இந்த ஏற்பாடு தொடக்கத்திலிருந்தே இருந்ததில்லை. இரண்டாம் இசெங்ரிம் காலத்தில் வந்த திருத்தம் இது. அவர் ஷயரின் தலைவரான தெய்ன் பதவிக்கு வந்தது மூன்றாம் யுகம் 2683இல். ஷயர் ஆண்டு என்பது மூன்றாம் யுக ஆண்டிலிருந்து 1600 குறைவு, ஆகவே ஷயர் ஆண்டு 1083. அதற்கு முந்தைய தேதிகளுக்குக் கணியனின் சூத்திரம் செல்லாது. பழைய முறையில் கிழமை ஆண்டுக்கு ஒரு நாளும் லீப் ஆண்டில் இரண்டு நாளும் நகர்ந்துகொண்டே இருந்தது. உங்கள் நிரல் அந்த ஆண்டுகளுக்குக் கிழமை காட்டாமல் இருப்பதே நேர்மை.

திருத்தம் வந்த பிறகு எந்த மாதமும் வெள்ளியில் தொடங்குவதில்லை. அதனால்தான் நடக்கவே நடக்காத ஒன்றை 'முதல் தேதி வெள்ளிக்கிழமை' நடக்கும் என்று சொல்லும் வழக்கு ஷயரில் உண்டு. கணியன் கொடுத்த மாதத் தொடக்கப் பட்டியலைப் பாருங்கள், வெள்ளி இல்லை. ஒரு சொல்வழக்கைக்கூட எண்கணிதத்தின் மேல் நிறுத்தியிருக்கிறார் டோல்கீன்.

#5 பச்சைக்கதவு

கிழமையில்லாத நாள் கற்பனை உலகத்துக்கு மட்டும் உரிய யோசனை இல்லை. 1834இல் இத்தாலியப் பாதிரியார் மார்கோ மாஸ்ட்ரோஃபினி இதையே முன்வைத்தார்: 364 நாளுக்கு வாரம், மிச்சத்துக்குக் கிழமை இல்லை. இருபதாம் நூற்றாண்டில் எலிசபெத் அகெலிஸ் முன்னெடுத்த உலக நாட்காட்டியும் இந்த அடிப்படைதான். நம் நாட்டுக்கும் இதில் பங்கு உண்டு. 1950களில் ஐக்கிய நாடுகள் சபையில் அதை முன்வைத்தது இந்தியா. நாட்காட்டிச் சீர்திருத்தக் குழுவின் தலைவராக இருந்த மேகநாத் சாஹா அதன் தீவிர ஆதரவாளர்.

அது ஏன் நிறைவேறவில்லை என்பதை நாட்காட்டி உருவாக்கும் எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டும். ஏழாம் நாள் ஓய்வு என்பது யூதர்களுக்கும் பல கிறித்தவப் பிரிவினருக்கும் அறுபடாத எண்ணிக்கை. நடுவில் ஒரு நாளுக்குக் கிழமை இல்லையென்றால், அடுத்த வாரம் முதல் அவர்களுடைய ஓய்வுநாள் நாட்காட்டியில் வேறு கிழமையில் விழும். ஒவ்வொரு ஆண்டும் இன்னொரு படி தள்ளும். எதிர்ப்பு வந்ததில் வியப்பே இல்லை.

ஷயரில் அந்தச் சிக்கல் எழவில்லை. அங்கே வாரத்துக்கு வழிபாட்டுக் கட்டாயம் எதுவும் இல்லை. வெள்ளி பிற்பகல் விடுமுறை, மாலையில் விருந்து, அவ்வளவுதான். சொந்தமாக நாட்காட்டி அமைப்பவர்கள் முதலில் இதை முடிவு செய்யுங்கள்: உங்கள் மக்களுக்கு வாரம் புனிதமானதா, வெறும் வசதியா? புனிதம் என்றால் கிழமையில்லாத நாளை வைக்காதீர்கள். வைத்தால் அதை எதிர்த்த ஒரு கூட்டத்தையும் சேர்த்தே படையுங்கள்.

#6 மணல்கடிகாரம்

வெள்ளி அங்கே வாரக் கடைசி என்றால் விருந்து நடந்த வியாழன் நம் சனிக்கிழமை மாதிரியா?

#7 ஏட்டுப்பூச்சி

ஆமாம், பின்னிணைப்பே அப்படித்தான் சொல்கிறது. அவர்களுடைய சனி நம் திங்களுக்கும், வியாழன் நம் சனிக்கும் நெருக்கம். கதையை வாசிக்கும்போது கிழமைப் பெயரை அப்படியே எடுத்துக்கொண்டால் மனநிலை மாறிப்போகும்.

#8 விநாடிமுள்

லீப் ஆண்டுப் பக்கம் போவோம். இந்த நாட்காட்டியில் என்னை அதிகம் ஈர்ப்பது அந்தப் பகுதிதான். நான்கு ஆண்டுக்கு ஒருமுறை லீப், நூற்றாண்டின் கடைசி ஆண்டில் மட்டும் இல்லை. நாம் 400ஆல் வகுபடும் ஆண்டுக்குக் கொடுக்கும் விலக்கு இங்கே கிடையாது. நூறு ஆண்டுக்கு 24 லீப் நாள், சராசரி ஆண்டு 365.24 நாள்.

அவர்களுடைய ஆண்டின் நீளம் நம்முடையதேதான்: 365 நாள் 5 மணி 48 நிமிடம் 46 விநாடி. இதை வைத்து மூல முறையான, நூமெனோர் என்ற பழைய மனித அரசின் கணக்கைச் சரிபார்க்கலாம். ஆயிரம் ஆண்டில் சேரும் உபரி 242 நாள் 4 மணி 46 நிமிடம் 40 விநாடி. லீப் நாட்கள் 250 − 10 = 240. ஆயிரமாவது ஆண்டின் முடிவில் 2 நாள் சேர்த்தால் 242. துண்டு விழுவது 4 மணி 46 நிமிடம் 40 விநாடி. பின்னிணைப்பில் கொடுத்திருக்கும் ஆயிரமாண்டுப் பற்றாக்குறையும் விநாடி பிசகாமல் இதேதான்.

குழப்பம் மூன்றாம் யுகத்தில் தொடங்குகிறது. இரண்டாம் யுகம் 3442ஐ மூன்றாம் யுகம் 1 என்று மாற்றினார்கள். பழைய வரிசைப்படி மூன்றாம் யுகம் 3 லீப் ஆண்டாக இருந்திருக்க வேண்டும், 4ஐ லீப் ஆக்கினார்கள். ஒரு குறை ஆண்டு இடையில் நுழைந்தது, 5 மணி 48 நிமிடம் 46 விநாடி போயிற்று. ஆயிரமாண்டுச் சேர்க்கையும் 441 ஆண்டு தள்ளிப்போய் மூன்றாம் யுகம் 1000, 2000இல் நடந்தது. மனிதர்களின் அரசான கோண்டோரின் ஆட்சிப் பொறுப்பாளர் மார்டில் 2059ஆம் ஆண்டில் 2 நாள் சேர்த்து, 2060 முதல் புதிய முறையைக் கொண்டுவந்தார். அதற்குப் பிறகும் ஏறத்தாழ 8 மணி பாக்கி என்கிறது பின்னிணைப்பு.

அந்த 8 மணி எப்படி வருகிறது? 2059 என்பது பழைய கணக்கில் 5500. 5½ ஆயிரத்துக்கு 4:46:40 வீதம் 26:16:40. குறை ஆண்டின் 5:48:46ஐக் கூட்டினால் 32:05:26. மார்டில் சேர்த்த இரண்டில் ஒரு நாள் கடைசி அரை ஆயிரத்தின் பங்கு. மற்றொன்று 24 மணி. கழித்தால் 8:05:26.

அடுத்து, பின்வந்த பொறுப்பாளர் ஹாடோர் 2360இல் ஒரு நாள் சேர்த்தார், ஆனால் 'பற்றாக்குறை அந்த அளவை இன்னும் எட்டவில்லை'. ஒரு நூற்றாண்டுக்குத் துண்டு விழுவது 5:16:40. மூன்று நூற்றாண்டுக்கு 15:50:00. முன்பாக்கியோடு சேர்த்தால் 23:55:26. ஒரு நாளுக்கு ஐந்து நிமிடத்துக்கும் குறைவான தூரம்! அந்த ஒரு வாக்கியத்துக்குப் பின்னால் இவ்வளவு கணக்கு இருக்கிறது.

#9 கணியன்

விநாடிமுள், உங்கள் தொடர் அழகாக இருக்கிறது. ஆனால் லீப் நாட்களை ஒவ்வொன்றாக எண்ணினால் 8 மணி வரவில்லை. நான் எண்ணியது இது.

இரண்டாம் யுகத்தின் 3441 ஆண்டுகளில் நான்காம் ஆண்டுகள் 860. நூற்றாண்டு விலக்கு 34 போனால் 826. ஆயிரமாண்டுச் சேர்க்கை மூன்று முறை, 6 நாள். ஆக 832. மூன்றாம் யுகத்தில் 2059 வரை 514, அதில் 20 போனால் 494, இரண்டு ஆயிரமாண்டுச் சேர்க்கைக்கு 4. ஆக 498. கூட்டினால் 1330, மார்டிலின் 2ஐயும் சேர்த்தால் 1332.

5500 ஆண்டுக்குத் தேவைப்படுவது 1332 நாள் 2 மணி 16 நிமிடம் 40 விநாடி. பாக்கி 2:16:40 மட்டுமே. உங்கள் 8:05:26க்கும் இதற்கும் உள்ள வித்தியாசம் சரியாக 5:48:46. அந்தக் குறை ஆண்டைக் கூடுதலாக ஒருமுறை கூட்டிவிட்டதுபோல இருக்கிறது.

#10 விநாடிமுள்

நானும் எண்ணிப் பார்த்தேன், உங்கள் எண்ணிக்கை சரி. காரணமும் புலப்படுகிறது. லீப் ஒரு ஆண்டு தள்ளிப்போனது உண்மை. ஆனால் மூன்றாம் யுகம் 2059, பழைய கணக்கில் 5500. அது நூற்றாண்டின் கடைசி ஆண்டு, பழைய வரிசை தொடர்ந்திருந்தாலும் அந்த ஆண்டுக்கு லீப் நாள் கிடைத்திருக்காது. ஆகவே 2059 முடிவில் இரண்டு வரிசையிலும் லீப் நாட்களின் மொத்தம் சமம். நடுவில் பட்ட கடன் அங்கே அடைபட்டுவிட்டது. அதைத் தனியாகக் கூட்டத் தேவையில்லை.

அப்படியானால் பின்னிணைப்பின் எண் தவறு என்று முடித்துவிடலாமா?

#11 கணியன்

முடிக்க வேண்டாம், கடைசி வாக்கியம் வேறு கதை சொல்கிறது. ஹாடோருக்குப் பிறகு திருத்தமே செய்யவில்லை. போர் நெருங்கியதால் 3000இல் ஆயிரமாண்டுச் சேர்க்கையும் நடக்கவில்லை. அப்படியும் 660 ஆண்டு கழித்து யுக முடிவில் பற்றாக்குறை ஒரு நாளை எட்டவில்லை என்கிறார்.

உங்கள் தொடர் முறையில் இதைச் சோதியுங்கள். ஹாடோரின் ஒரு நாளுக்குப் பிறகு 4 நிமிடம் 34 விநாடி மிச்சம். 660 ஆண்டுக்கு 5:16:40 × 6.6 = 34:50:00. மிச்சத்தைக் கழித்தாலும் 34 மணி 45 நிமிடம். ஒரு நாளைத் தாண்டிவிட்டது, வாக்கியத்தோடு ஒத்துப்போகவில்லை.

இப்போது நேரடி எண்ணிக்கை. 2059 வரை 1332. 2060 முதல் 2360 வரை நான்காம் ஆண்டுகள் 76, விலக்கு 3, ஆக 73. ஹாடோரின் ஒன்றோடு 74. 2361 முதல் 3020 வரை 165, விலக்கு 7, ஆக 158. மொத்தம் 1564. மூன்றாம் யுகம் 3020 என்பது பழைய கணக்கில் 6461. அத்தனை ஆண்டுக்குத் தேவை 1564 நாள் 20 மணி 21 நிமிடம் 26 விநாடி. பாக்கி 20:21:26. ஒரு நாளை எட்டவில்லை!

'8 மணி', '2360இல் எட்டவில்லை' என்ற இரண்டும் தொடர் முறையோடு பொருந்துகின்றன. 'யுக முடிவில் எட்டவில்லை' என்பது நேரடி எண்ணிக்கையோடு மட்டும் பொருந்துகிறது. நிரல் எழுதுபவர்கள் நேரடி எண்ணிக்கையை எடுத்துக்கொள்ளுங்கள். நாள் என்பது முழு எண், பின்னமாகச் சேர்த்துக்கொண்டே போனால் கடைசியில் எங்கே நிற்கிறோம் என்று தெரியாது. நூற்றாண்டுச் சராசரியை நூற்றாண்டின் நடுவில் நிறுத்தியதால் வந்த கோளாறுதான் இது.

#12 பச்சைக்கதவு

இந்த மூன்று பதிவுகளையும் இழையின் தலையில் ஒட்டிவைக்க வேண்டும். இவ்வளவு நுணுக்கமாக யாரும் எண்ணிப் பார்க்கட்டும் என்றுதானே அந்த மனிதர் விநாடி வரை எழுதிவைத்தார்.

#13 மணல்கடிகாரம்

அடுத்த கேள்வி. கோண்டோர் தேதியை ஷயர் தேதியாக மாற்ற மாதப் பெயரை மட்டும் மாற்றினால் போதுமா? இரண்டிலும் 30 நாள் மாதம்தானே.

#14 ஏட்டுப்பூச்சி

போதாது. மார்டிலின் திருத்தத்துக்குப் பிறகு இரண்டிலும் 30 × 12 + 5தான், ஆனால் அந்த ஐந்து நாள் உட்காரும் இடம் வேறு. (திருத்தத்துக்கு முந்தைய அரசர் கணக்கில் ஆறாம், ஏழாம் மாதங்களுக்கு 31 நாள், வெளியே 3 நாள் மட்டும். அதைத் தனியாகப் பாருங்கள்.) கோண்டோரில் ஆண்டுத் தொடக்கத்தில் ஒன்று, மூன்றாம் மாதத்துக்குப் பிறகு துயிலேரே, நடுவில் லோயண்டே, ஒன்பதாம் மாதத்துக்குப் பிறகு யாவியேரே, கடைசியில் ஒன்று. ஷயரில் நடுவில் மட்டும் மூன்று.

விளைவு இது. முதல் மூன்று மாதமும் கடைசி மூன்று மாதமும் இரண்டிலும் ஒரே தேதி. ஏப்ரல் முதல் ஜூன் வரை கோண்டோர் ஒரு நாள் பின்தங்கும். ஷயரின் ஆஸ்ட்ரோன் 1 கோண்டோரில் துயிலேரே, ஆஸ்ட்ரோன் 2 அங்கே விரெஸ்ஸே 1. ஜூலை முதல் செப்டம்பர் வரை நிலைமை தலைகீழ், கோண்டோர் ஒரு நாள் முந்தும். ஹாலிமத் 22 அங்கே யாவன்னியே 23.

கதையில் இதற்குச் சான்று உண்டு. கண்விழிக்கும் சாமிடம் காண்டால்ஃப், புத்தாண்டின் பதினான்காம் நாள், ஷயர் கணக்கில் ஏப்ரல் 8 என்கிறார். மோதிரம் அழிந்த மார்ச் 25தான் அங்கே புதிய கணக்கில் புத்தாண்டு. அதை 1 என்று வைத்தால் மார்ச் 30 ஆறாம் நாள், ஷயரின் ஏப்ரல் 1 ஏழாம் நாள், ஏப்ரல் 8 பதினான்காம் நாள். கோண்டோரின் பழைய கணக்கில் இடையே துயிலேரே வருவதால் அதே நாள் விரெஸ்ஸே 7 ஆகியிருக்கும். 'ஷயர் கணக்கில்' என்று அவர் அழுத்திச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது.

லீப் நாளும் அப்படியே. ஷயரில் ஓவர்லித், கோண்டோரில் நடுநாள் இரட்டிப்பு. இரண்டும் ஆண்டின் நடுவிலேயே வருவதால் மேலே சொன்ன ஒரு நாள் வித்தியாசம் லீப் ஆண்டிலும் மாறாது.

#15 விண்மீன்மாலை

நம் தேதிக்கு மாற்றுவது பற்றி யாரும் சொல்லவில்லையே. செப்டம்பர் 22ஐ ஹாபிட் நாள் என்று ரசிகர்கள் உலகம் முழுக்கக் கொண்டாடுகிறார்கள். ஷயரின் செப்டம்பர் 22 நம் செப்டம்பர் 22 இல்லை.

நம் ஜனவரி 1 ஏறத்தாழ ஷயரின் ஜனவரி 9 என்கிறது பின்னிணைப்பு. ஆஃப்டர்யூல் 9 அங்கே ஆண்டின் 10ஆவது நாள், ஏனென்றால் அதற்கு முன்னால் 2 யூல் இருக்கிறது. ஆகவே ஷயர் நாள் எண்ணிலிருந்து 9ஐக் கழித்தால் நம் நாள் எண். இங்கே 8ஐக் கழிப்பவர்கள் 2 யூலை மறந்தவர்கள்.

ஹாலிமத் 22: 266 − 9 = 257, செப்டம்பர் 14. மோதிரம் அழிந்த ரெத்தே 25, அதாவது ஷயரின் மார்ச் 25: 86 − 9 = 77, மார்ச் 18. நடுஆண்டு நாள்: 183 − 9 = 174, ஜூன் 23.

இந்தக் கடைசி விடையில் ஓர் உறுத்தல். நடுஆண்டு நாள் கோடைச் சூரியத் திருப்பத்தோடு இயன்றவரை பொருந்த வேண்டும் என்பதுதான் நோக்கம். அது ஜூன் 21ஐ ஒட்டி வருவது. 21இல் பூட்டினால் கழிக்க வேண்டியது 11, பிறந்தநாள் செப்டம்பர் 12க்குப் போய்விடும். 'ஏறத்தாழ' என்ற சொல்லுக்குள் இரண்டு நாள் இடைவெளி இருக்கிறது. என் கருத்தில் 9ஐ எடுத்துக்கொள்வதே சரி, அது எழுத்தில் இருப்பது.

லீப் ஆண்டில் கவனம். நம் லீப் நாள் பிப்ரவரியில், அவர்களுடையது ஆண்டு நடுவில். இரண்டும் ஒரே ஆண்டில் வருவதாக வைத்தால், நாள் எண்ணின் வித்தியாசம் 9ஆகவே இருக்கும், ஆனால் நம் பிப்ரவரி 29க்கும் அவர்கள் ஓவர்லித்துக்கும் இடைப்பட்ட தேதிகள் ஒரு நாள் முன்னால் விழும். ரெத்தே 25 அப்போது மார்ச் 17. ஹாலிமத் 22 மாறாமல் செப்டம்பர் 14.

#16 பச்சைக்கதவு

கொண்டாடுபவர்கள் 22ஐயே வைத்துக்கொள்ளட்டும் விண்மீன்மாலை. கதையின் உள்ளே செப்டம்பர் என்றுதான் அச்சாகியிருக்கிறது, ஹாலிமத் என்றில்லை. தெரிந்த பெயரில் வாசகர் பிடித்துக்கொண்ட தேதி அது.

மாதப் பெயர்களின் வேர் தெரிய வேண்டியவர்களுக்கு: அவை பழைய ஆங்கில மாதங்கள். துறவி பீட் 725இல் எழுதிய காலக்கணித நூலில் அவற்றைப் பட்டியலிடுகிறார். திரிமிட்ஜ், பசுக்களை நாளுக்கு மூன்று முறை கறந்த மாதம். லித் என்பது ஜூன், ஜூலை இரண்டுக்குமான பெயர். கூடுதல் மாதம் சேர்க்க வேண்டிய ஆண்டில் அதைக் கோடையில் மூன்றாவது லித்தாகச் சேர்த்தார்கள் என்றும் பீட் சொல்கிறார். ஓவர்லித் நடுக்கோடையில் உட்கார்ந்திருப்பது அங்கிருந்து வந்த எதிரொலி என்றே நான் வாசிக்கிறேன்.

தமிழில் எழுதும்போது உச்சரிப்பையும் கவனியுங்கள். சோல்மத் என்று எழுதினாலும் ஷயரில் பெரும்பாலும் சோமத் என்றே சொன்னார்கள். பிளாட்மத், பேச்சில் பிளாம்மத். உரையாடலில் பேச்சு வடிவத்தையும் அட்டவணையில் எழுத்து வடிவத்தையும் வைக்கலாம்.

#17 விநாடிமுள்

எல்ஃபுகள் வாழும் ரிவெண்டெலின் கணக்கையும் தொட்டுவிடுகிறேன், அதில் ஒரு வேடிக்கையான விளிம்பு இருக்கிறது. அங்கே வாரம் ஆறு நாள், நாள் தொடங்குவது சூரியன் மறையும்போது. ஆண்டுக்கு ஆறு பருவம்: 54, 72, 54, 54, 72, 54 நாள். கூட்டினால் 360. தொடக்கத்தில் ஒன்று, முடிவில் ஒன்று, மூன்றாம் பருவத்துக்குப் பின் மூன்று நடுநாள். பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை அந்த மூன்றும் ஆறாகும். 144 ஆண்டு ஒரு யேன், 52,596 நாள், சரியாக 8,766 வாரம்.

ஒவ்வொரு மூன்றாவது யேனின் கடைசி ஆண்டிலும் அந்த இரட்டிப்பு கிடையாது. அந்த யேனுக்கு 52,593 நாள். ஆறால் வகுத்தால் 8,765½. வாரம் பாதியில் நிற்கிறது! 432 ஆண்டுக்கு ஒருமுறை அரை வாரம் நகர்ந்து, 864 ஆண்டில்தான் பழைய இடத்துக்கு வரும். கிழமையையும் காட்டும் நிரல் என்றால் 144ஐச் சுற்றாக வைக்காதீர்கள், 864ஐ வையுங்கள்.

துல்லியத்தில் இது ஷயரைவிட மேல். 432 ஆண்டுக்கு 157,785 நாள், சராசரி 365.24306. ஒரு நாள் பிசகுவதற்கு 1,160 ஆண்டுக்கு மேல் ஆகும். ஆயிரமாண்டுச் சேர்க்கை இல்லாத வெறும் 365.24க்கு 455 ஆண்டே போதும்.

#18 மணல்கடிகாரம்

எல்லோருக்கும் நன்றி. நிரலைத் திருத்திவிட்டேன். நாள் எண் தனி, கிழமைச் சுற்று தனி, லீப் நாட்கள் நேரடி எண்ணிக்கை. சரிபார்க்க எந்தெந்தத் தேதிகளை ஓட்டிப் பார்க்கலாம்?

#19 கணியன்

ஷயர் ஆண்டு 1401, ஹாலிமத் 22 வியாழன் வர வேண்டும். 1419, ரெத்தே 25 ஞாயிறு. 1420 லீப் ஆண்டு, பெரும் விளைச்சல் கண்ட ஆண்டு. அதன் 184ஆவது நாளுக்கு ஓவர்லித் என்ற பெயரும், கிழமை இருக்கும் இடத்தில் வெற்றிடமும் வர வேண்டும். 185ஆவது நாள் 2 லித், சனி. 1400ஐயும் ஓட்டுங்கள். நான்கால் வகுபடும், ஆனால் நூற்றாண்டின் கடைசி, அதனால் 184ஆவது நாளே 2 லித்தாக வர வேண்டும். இது தவறினால் நூற்றாண்டு விலக்கு வேலை செய்யவில்லை.

கடைசியாக 1419இன் 365ஆவது நாளையும் 1420இன் 1ஆவது நாளையும் அடுத்தடுத்துக் கேளுங்கள். 1 யூல் வெள்ளி, 2 யூல் சனி. இந்த வரிசையில் வந்தால் ஏட்டுப்பூச்சி சொன்ன யூல் சறுக்கலும் சரியாகிவிட்டது என்று அர்த்தம்.